இளவரசனுக்கு எந்தக் கன்னம்

என் கணவர் காமிரா பிடிக்கும் படங்களில் முகங்கள் பாதிதான் தெரியும். மீதிப் பாதி நிழலில் இருக்கும். இப்போது பத்திரிகைக்காரர்கள் அதை ஒரு பாணி என்று எழுதுகிறார்கள். துக்கத்தையும் சந்தேகத்தையும் வசனம் இல்லாமல் நிழலாலேயே சொல்லிவிடுகிறார் என்று ஒருவர் எழுதியிருந்தார். அதை நான் கத்தரித்து வைத்திருக்கிறேன். நாங்கள் குடியிருக்கும் மயிலாப்பூர் வீட்டின் சொந்தக்கார மாமியும் அதே படத்தைப் பார்த்தார். மறுநாள் குழாயடியில் என்னை ஓரமாகக் கூப்பிட்டு மெதுவாகக் கேட்டார்.

"ஏண்டிம்மா, யுத்தந்தான் முடிஞ்சுடுத்தே. உங்காத்துக்காரருக்கு மட்டும் இன்னும் விளக்குக் கட்டுப்பாடு எடுக்கலையா?"

என் கணவரிடம் விசாரிப்பதாகச் சொன்னேன்.

அந்தப் பாணி எப்படி வந்தது என்று யாராவது கேட்டால் என் கணவர் பம்பாயைச் சொல்வார். அங்கே ஒரு வெளிநாட்டுக் காமிராக்காரரிடம் உதவியாளராக இருந்தாராம். அந்த மனிதர் காலையில் செட்டுக்கு வந்ததும் எல்லா விளக்குகளையும் அணைக்கச் சொல்லிவிட்டு, ஒவ்வொன்றாக ஏற்றச் சொல்வாராம். போதும் என்று தோன்றுகிற இடத்தில் நிறுத்திவிடுவாராம். அது உண்மையாகத்தான் இருக்கும். என்னைப் பெண் பார்க்க வந்தபோதே இவர் கழுத்தில் கறுப்புக் கயிறு கட்டிய நீலக் கண்ணாடித் துண்டு ஒன்று தொங்கியது. படத்தில் எது எவ்வளவு கறுப்பாக விழும் என்று அதன் வழியாகப் பார்த்துத் தெரிந்துகொள்வார்களாம். பெரியவர்கள் பேசிக்கொண்டிருக்கும்போது அவர் அதைக் கண்ணில் வைத்து என் பக்கம் பார்த்தார். நான் தலையைக் குனிந்துகொண்டேன். பிறகு அவர் என் அப்பாவிடம், அந்த மேஜை விளக்கைக் கொஞ்சம் இடது பக்கம் நகர்த்தலாமா என்று கேட்டார். அப்பா நகர்த்தினார். கல்யாணம் நிச்சயமாயிற்று. விளக்கு நகர்ந்ததால் என்னைப் பிடித்ததா, என்னைப் பிடித்ததால் விளக்கை நகர்த்தச் சொன்னாரா என்று நான் கேட்கவில்லை. கேட்டிருக்கலாம் என்று சில நாள் தோன்றும்.

ஆனால் பம்பாயில் கற்றுக்கொண்டது ஒன்று. அதைச் சென்னையில் செய்ய விட்டது இன்னொன்று. அந்த இரண்டாவதில் எனக்குப் பங்கு உண்டு. அதைத்தான் எழுத உட்கார்ந்தேன்.

யுத்தம் நடந்துகொண்டிருந்தது. குண்டு விழும் என்று ஊரைக் காலி செய்துகொண்டு போனவர்களெல்லாம் திரும்பி வந்து, அதைப் பற்றிப் பேசாமல் இருந்த சமயம். எங்கள் பெண்ணுக்கு அப்போது தவழத் தெரியும், நிற்கத் தெரியாது. என் கணவருக்கு முதல் தடவையாக ஒரு படம் தனியாகக் கிடைத்திருந்தது. அதுவரை எல்லாப் படங்களிலும் உதவியாளர்தான்.

படத்தின் முதலாளி தெற்கத்திக்காரர். தியாகராய நகரில் ஜவுளிக்கடை வைத்திருந்தார். சினிமா எடுப்பது அவருக்கும் முதல் தடவை. அது ஒரு ராஜா ராணிக் கதை. ராணிக்கும் தோழிகளுக்கும் கட்டுகிற பட்டெல்லாம் அவருடைய கடையிலிருந்து காலையில் வரும், சாயங்காலம் மடித்துத் திரும்பிப் போகும். அலமாரிக்குப் போகும் என்றுதான் நான் நினைத்திருந்தேன். விற்பனைக்குப் போகும் என்று பிறகு தெரிந்தது.

முதல் நாள் எடுத்ததைப் போட்டுப் பார்த்தபோதே முதலாளிக்குப் பிடிக்கவில்லை. ராஜா தூணோரம் நிற்கிறார், ஒரு கன்னத்தில் மட்டும் வெளிச்சம். முதலாளி கோபப்படவில்லையாம். அவர் கோபப்படுகிற மனிதர் இல்லை. கணக்குக் கேட்கிற மாதிரிக் கேட்டிருக்கிறார்.

"சாமி, நான் அவருக்கு முழு முகத்துக்குல்லா சம்பளம் கொடுக்கேன். நீரு பாதிதான் காட்டுதீரு."

அதன் பிறகு என் கணவர் எல்லா விளக்குகளையும் ஏற்றச் சொன்னார். எல்லா முகமும் எல்லாப் பக்கமும் தெரிந்தது. வீட்டுக்கு வந்தால் சாப்பிட்டுவிட்டுச் சுவரைப் பார்த்துக்கொண்டு படுத்திருப்பார். வயிற்றுக்கு ஏதாவது ஒத்துக்கொள்ளவில்லையோ என்று நான் தினம் சீரக ரசம் வைத்தேன்.

கதையில் ஒரு இடத்தில் ராணி, கைக்குழந்தையான இளவரசனைத் தொட்டிலில் விட்டுவிட்டு அரண்மனையை விட்டு வெளியேற வேண்டும். அதற்கு ஏற்பாடு செய்திருந்த குழந்தைக்கு அம்மை போட்டுவிட்டது. காமிராக்காரர் வீட்டில் ஒரு குழந்தை இருக்கிறதே என்று முதலாளிதான் ஞாபகப்படுத்தினார். அவர் எதையும் வீணாக்குகிறவர் இல்லை. என் கணவர் வீட்டுக்கு வந்து என்னிடம் சொன்னபோது, முடியாது என்று நான் சொல்ல வேண்டும் என்று எதிர்பார்க்கிறாரா, சரி என்று சொல்ல வேண்டும் என்று எதிர்பார்க்கிறாரா என்று எனக்குப் புரியவில்லை. சரி என்றேன். அவர் முகம் கொஞ்சம் வாடியது. அப்படியானால் முடியாது என்றுதான் சொல்லியிருக்க வேண்டும். ஆனால் அதற்குள் காலம் கடந்துவிட்டது.

ஸ்டுடியோ அடையாற்றுப் பக்கத்தில் இருந்தது. பாலத்தைத் தாண்டும்போது காற்று அதிகமாக இருக்கிறதே என்று குழந்தையின் காதை மூடினேன். மூச்சு முட்டுமோ என்று திறந்தேன். இறங்குகிற வரையில் அதையே செய்துகொண்டிருந்தேன். உள்ளே ஆர்க் விளக்குகள் வரிசையாக நின்றன. கரித்துண்டு எரிந்து வெளிச்சம் தருகிற விளக்கு அது. சீறிக்கொண்டே எரியும், புகையும் வரும். அந்த வெளிச்சத்தை நேராகப் பார்த்து நடிகர்களுக்குக் கண் வீங்கிப் போவதுண்டு என்று இவரே முன்பு சொல்லியிருக்கிறார். சொல்லாமல் இருந்திருக்கலாம்.

விளக்குகளுக்கெல்லாம் தலைவராக ஒருவர் இருந்தார். எல்லோரும் அவரை பாய் என்று கூப்பிட்டார்கள். ராயப்பேட்டைக்காரர். நான் குழந்தையின் கண்ணைக் கையால் மறைத்துக்கொண்டு நிற்பதைப் பார்த்துவிட்டு அருகில் வந்தார்.

"இன்னாம்மா பயந்துக்கினு நிக்கிறே. பாப்பா கண்ணுக்கு ஒண்ணும் ஆவாது. நான் எத்தினி வருசமா இத்தப் பாத்துக்கினு கீறேன், எனக்கு இன்னா ஆயிருச்சு?"

அவர் கண்கள் இரண்டும் செக்கச் செவேல் என்று இருந்தன. ஆறுதல் சொல்ல வந்தவரிடம் அதைச் சொல்வது மரியாதை இல்லை.

குழந்தைக்கு முகப்பூச்சுப் போட்டு, முத்துமாலை போட்டு, தலையில் சின்னதாக ஒரு கிரீடம் கட்டினார்கள். எத்தனை பேர் கண் படுமோ என்று நான் மையை எடுத்து, தினமும் வைப்பது போல இடது கன்னத்தில் திருஷ்டிப் பொட்டு வைத்தேன். எங்கள் வீட்டில் பெண் குழந்தைக்கு இடது கன்னம், ஆண் குழந்தைக்கு வலது கன்னம். இளவரசனுக்கும் திருஷ்டி படும் அல்லவா என்று டைரக்டரும் அதை இருக்கட்டும் என்றார். ராணி குழந்தையைத் தூக்குவது, கொஞ்சுவது, திரும்பத் தொட்டிலில் விடுவது எல்லாம் அன்று எடுத்தார்கள். குழந்தை அழவில்லை. நான்தான் ஒரு தடவை அழுதேன். சத்தம் வரவில்லை, அதனால் டேக் வீணாகவில்லை.

சாயங்காலம் வீட்டுக்கு வந்து பார்த்தால் குழந்தையின் கண் சிவந்திருந்தது. தூக்கத்தாலா விளக்காலா என்று தெரியவில்லை. குழந்தை வளர்ப்பு பற்றி நான் ஒரு இங்கிலீஷ் புத்தகம் வைத்திருந்தேன். அதில் ஆர்க் விளக்கைப் பற்றி எதுவும் இல்லை. மாமி, தாய்ப்பாலை இரண்டு சொட்டு விடு என்றார். புத்தகம், ஆறவைத்த வெந்நீரால் துடை என்றது. இரண்டையும் செய்தேன். ஒன்றை மற்றொன்று கெடுத்துவிடுமோ என்று பிறகு யோசித்தேன். காலையில் கண் வெள்ளையாக இருந்தது. எதனால் என்று இன்றுவரை தெரியாது.

இரண்டாம் நாள் எடுக்க வேண்டியது க்ளோசப். தொட்டிலில் குழந்தையின் முகம் மட்டும் பெரிதாகத் தெரியும். ராணியின் கை உள்ளே வந்து கடைசியாக ஒரு தடவை அதைத் தடவிவிட்டுப் போகும். கிளம்புவதற்கு முன் மைக் கிண்ணத்தோடு உட்கார்ந்தபோது எனக்கு ஒரு யோசனை வந்தது. முதல் நாள் எல்லோரும் இவளை இளவரசன், இளவரசன் என்றுதான் கொஞ்சினார்கள். படம் பார்க்கிறவர்களுக்கு இவள் ஆண் குழந்தை. ஆண் குழந்தைக்கு இடது கன்னத்தில் பொட்டு வைப்பார்களா? இவரோ, ராத்திரிக் காட்சியில் குத்துவிளக்கு இல்லாத பக்கத்திலிருந்து வெளிச்சம் வருகிறதே என்று ஒரு முழு நாள் டைரக்டரோடு வாதாடினவர். எதற்கும் ஒரு நியாயம் வேண்டும் என்பார். என் பொட்டினால் அவர் படத்தில் நியாயம் கெட வேண்டாம் என்று வலது கன்னத்தில் வைத்தேன். கொஞ்சம் பெரிதாகவே வைத்தேன்.

ஸ்டுடியோவில் யாரும் எதுவும் சொல்லவில்லை. பொட்டு இருக்கிறதா என்றுதான் பார்த்தார்கள். எந்தப் பக்கம் என்று பார்க்கவில்லை. இவர் குழந்தையின் கண்ணைப் பற்றிய கவலையிலேயே இருந்தார். விளக்கை எல்லாம் பின்னால் தள்ளுங்கள் என்று பாயிடம் சொல்லிக்கொண்டிருந்தார். ராணியாக நடித்தவர் அன்று சாயங்காலமே சேலத்தில் வேறு படத்துக்கு ரயில் ஏற வேண்டியவர். எடுத்தார்கள், கிளம்பிவிட்டார்.

நாலைந்து நாள் கழித்து இவர் வீட்டுக்கு வந்து சாப்பிட உட்கார்ந்தார். குழம்பை விட்டுப் பிசைந்துகொண்டே, நிமிர்ந்து பார்க்காமல் கேட்டார்.

"பொட்டு எந்தக் கன்னத்துல வெச்சே?"

நான் எதற்கு என்று தெரியாமல் முழுக் காரணத்தையும் சொன்னேன். பெண் குழந்தைக்கு எந்தப் பக்கம், ஆண் குழந்தைக்கு எந்தப் பக்கம், இவள் யாராக நடிக்கிறாள் என்பதெல்லாம். அவர் பிசைந்த சாதத்தைக் கையிலேயே வைத்துக்கொண்டு கேட்டார். கடைசியில், "நியாயந்தான்" என்றார். சாப்பிட்டு முடித்துக் கை கழுவினார்.

பிறகுதான் நடந்ததைச் சொன்னார். அன்று போட்டுப் பார்த்திருக்கிறார்கள். ராணி குழந்தையைத் தொட்டிலில் விடுகிறாள், பொட்டு ஒரு கன்னத்தில். உடனே க்ளோசப், பொட்டு அடுத்த கன்னத்தில். முதலாளி சொன்னபடி எல்லா விளக்கும் எரிந்ததால் இரண்டும் அப்பட்டமாகத் தெரிந்திருக்கிறது. அவர் எழுந்து திரைக்கு அருகில் போய்ப் பார்த்துவிட்டு வந்தாராம். "பொட்டு நடந்துல்லா போவுது சாமி" என்றாராம். முகம் இருட்டு என்பது முதல் குறை, பொட்டு நடப்பது இரண்டாவது குறை, மூன்றாவதுக்குத் தான் காத்திருக்கப் போவதில்லை என்று சொல்லிவிட்டு, கல்கத்தாவில் இருந்த ஒரு பெரிய காமிராக்காரரைக் கிளம்பி வரும்படி தந்தி கொடுக்கச் சொல்லிவிட்டார்.

நான் குழந்தையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். முதல் படத்திலேயே பாதியில் நீக்கிவிட்டார்கள் என்றால் இரண்டாவது படம் யார் கொடுப்பார்கள்? திரும்ப உதவியாளராகப் போகலாம். அதற்கும் அழைக்க வேண்டும். நான் ஏதோ மன்னிப்புப் போலச் சொல்ல ஆரம்பித்தேன். அவர், "பார்த்திருக்க வேண்டியது நான். லென்ஸுக்குப் பின்னாடி நின்னது நீ இல்லையே" என்றார்.

மறுநாள் ஒரு வழி பார்த்தார். நெகட்டிவைப் புரட்டிப் போட்டு அச்சடித்தால் படம் கண்ணாடியில் தெரிவது போல இடம் வலமாக மாறிவிடும், பொட்டும் சரியான கன்னத்துக்குப் போய்விடும். அப்படியே அச்சடித்தார்கள். பொட்டு சரியாகிவிட்டது. ஆனால் க்ளோசப்பின் ஓரத்தில் ராணியின் தோள் கொஞ்சம் தெரிந்தது. திருப்பியதில் மேலாக்கு, வடக்கத்திப் பெண்கள் போடுவது போல, வலது தோளுக்குப் போய்விட்டது. டைரக்டர் கவனிக்கவில்லை. வேறு யாரும் கவனிக்கவில்லை. முதலாளி மட்டும், "நம்ம ராணி எப்ப சௌகார்பேட்டை சேட்டு வீட்ல வாக்கப்பட்டா?" என்று கேட்டாராம்.

அந்தக் க்ளோசப்பை விட்டுவிடலாம் என்றால், ராணி குழந்தையைப் பிரிந்தாள் என்பதே புரியாது என்று டைரக்டர் சொன்னார். திரும்ப எடுக்கலாம் என்றால் ராணி சேலத்தில் இருந்தார். அரண்மனை அறையைப் பிரித்து அதே பலகைகளால் சிறைச்சாலை கட்டிவிட்டார்கள். அது கதையில் அடுத்த காட்சிக்கு. பிலிமோ சர்க்கார் அளந்து கொடுத்துக்கொண்டிருந்த பொருள், யுத்தம் முடிகிற வரையில் கேட்டால் கேட்ட அளவுக்குக் கிடைக்காது. இவர் முதலாளியிடம் போய், பெட்டியின் அடியில் மிஞ்சியிருக்கும் துண்டுப் பிலிமைக் கொடுங்கள், ஒரே ஒரு டேக், நான் எடுத்துக் காட்டுகிறேன் என்றார். ஒரு நிபந்தனை, விளக்கு எத்தனை என்று அன்று மட்டும் கேட்கக் கூடாது என்றார். அவர் நிபந்தனை போட்டு நான் கேள்விப்பட்டது அதுதான் முதல் தடவை.

முதலாளி யோசித்துவிட்டு, கல்கத்தாக்காரர் வருவதற்குள் எடுக்கும்படி சொன்னார். சரியாக விழுந்தால் நீரே முழுப் படத்தையும் எடும், இல்லாவிட்டால் காமிராவை அவர் கையில் கொடுத்துவிட்டுப் போய்விட வேண்டும், மனஸ்தாபம் கூடாது என்றார். இவர் ஒப்புக்கொண்டார்.

ராணியின் கை வேண்டும். வீட்டில் எந்தக் கை இருக்கிறது என்று பார்த்ததில் என் கைதான் இருந்தது. ராணி அன்று கட்டியிருந்த பச்சைப் பட்டைக் கடையில் கேட்டனுப்பினால், அது விற்றுப்போய்விட்டது என்று பதில் வந்தது. இவர் என் பெட்டியைத் திறக்கச் சொல்லி, என் கூறைப் புடவையை நீலக் கண்ணாடி வழியாகப் பார்த்தார். பச்சையும் அரக்குச் சிவப்பும் படத்தில் ஒரே கறுப்பாகத்தான் விழும், இதுவே போதும் என்றார். ஐந்து வருஷம் கூட ஆகாத புடவை. கறை பட்டால் என்ன செய்வது என்று கேட்க வாயைத் திறந்தேன், மூடிக்கொண்டேன்.

மறுநாள் காலை, மற்றவர்கள் வருவதற்கு முன் ஸ்டுடியோவில் நாங்களும் பாயும் மட்டும் இருந்தோம். அரண்மனைச் சுவர் இருந்த இடத்தில் சிறைக் கம்பிகள் நின்றன. விளக்கை எல்லாம் ஏற்றினால் இளவரசன் சிறையில் பிறந்தவன் என்று ஆகிவிடும். அதனால் ஒரே விளக்கு. அதைத் தொட்டிலுக்கு வலது பக்கம், தள்ளி வைக்கச் சொன்னார்.

"ஒண்ணே ஒண்ணா சார்?" என்றார் பாய். "மொதலாளி பாத்தா என்னாண்ட சண்டைக்கு வருவாரு, மத்த லைட்டெல்லாம் பாய் வித்துட்டான்னு."

பிறகு அவர் என்னிடம் வந்து, வெளிச்சம் குழந்தைக்குக் கூசாமல் இருக்க மெல்லிய வெள்ளைத் துணி ஏதாவது இருக்கிறதா என்று கேட்டார். பழைய மல் வேட்டியைக் கிழித்துத் தைத்த துணிகளை நான் பையில் நிறைய வைத்திருந்தேன். எதற்காக வைத்திருந்தேன் என்று கைக்குழந்தை உள்ள எல்லோருக்கும் தெரியும். துவைத்ததுதான், ஆனாலும் சொல்லிவிட்டேன். "துவைச்சது தானேம்மா" என்று பாய் அதை வாங்கி, விளக்குக்கு முன்னால், சூடு படாத தூரத்தில், ஒரு கொம்பில் கட்டித் தொங்கவிட்டார். சீறிக்கொண்டு வந்த வெளிச்சம் அதற்கு இந்தப் பக்கம் விடியற்கால வெளிச்சம் மாதிரி இருந்தது. அன்றுதான் எனக்குக் குழந்தையின் கண்ணைப் பற்றிய பயம் விட்டது.

பொட்டை இடது கன்னத்தில் வைக்க வேண்டும் என்று எல்லோருக்கும் தெரிந்திருந்தது. இருந்தாலும் குழந்தைக்கு இடதா, பார்க்கிறவர்களுக்கு இடதா என்று எனக்குச் சந்தேகம் வந்தது. கேட்டேன். கேட்டதும் பாய்க்கும் சந்தேகம் வந்துவிட்டது. இரண்டு பேரும் மாறி மாறித் தொட்டிலின் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் போய் நின்று பார்த்தோம். இவர் கொஞ்ச நேரம் பொறுத்திருந்துவிட்டு வந்து, மையை வாங்கி இடது கன்னத்தில் தாமே வைத்தார். வைத்துவிட்டு, தொட்டிலைக் கொஞ்சம் திருப்பினார். அந்தக் கன்னம் முழுக்க இருட்டுக்குள் போய்விட்டது.

"இனிமே எங்க வேணா இருக்கட்டும்" என்றார்.

காமிரா ஓட ஆரம்பித்தது. இவர் சொல்லிக்கொடுத்தபடி நான் கையை மெதுவாக உள்ளே நீட்டி நெற்றியைத் தொட்டேன். தொட்டுவிட்டு எடுத்துவிட வேண்டும், அவ்வளவுதான் ஏற்பாடு. ஆனால் குழந்தைக்கு என் கை தெரியும். முந்தானையைப் பிடித்து, ஜரிகைக் கரையை இழுத்து வாயில் வைத்துக்கொண்டாள். ஜரிகை வயிற்றுக்குள் போனால் என்ன ஆகும்? புத்தகத்தில் இருந்ததா என்று யோசித்தேன். இழுக்கலாம் என்று கையை எடுத்தேன். துண்டுப் பிலிம் ஓடிக்கொண்டிருக்கிறது, வேறு கிடையாது என்று நினைத்து நிறுத்தினேன். திரும்ப அவள் வாயருகே கொண்டுபோனேன். பக்கத்தில் போய், தொடாமல், காற்றில் அப்படியே நின்றது கை. இவர் நிறுத்தச் சொல்லவில்லை. கடைசியில் அவளாகவே கரையை விட்டாள். நான் கையை எடுத்துக்கொண்டேன். பிலிம் தீர்ந்துவிட்டதாக இவர் சொன்னார்.

போட்டுப் பார்க்கிற அன்று நானும் வருகிறேன் என்றேன். அதற்கு முன்னால் நான் அப்படிக் கேட்டதில்லை. "வா" என்றார். குழந்தையைத் தூக்கிக்கொண்டு போய்க் கடைசி நாற்காலியில் உட்கார்ந்தேன். முன்னால் முதலாளி, டைரக்டர், இவர். பாய் கதவோரம் நின்றார்.

படம் ஓடியது. இருட்டில் ஒரு குழந்தையின் பாதி முகம். ஒரு கை வருகிறது, நெற்றியைத் தொடுகிறது, போகப் பார்க்கிறது, போக முடியாமல் திரும்புகிறது, தொடாமல் நிற்கிறது. எனக்கு அது என் கை என்றே தோன்றவில்லை. குழந்தையை விட்டுப் போகிற யாரோ ஒருத்தியின் கையாக இருந்தது. முதலாளி இன்னொரு தரம் போடச் சொன்னார். பிறகு இன்னொரு தரம். விளக்கு வந்ததும் என் பக்கம் திரும்பினார்.

"தாயி, இது நம்ம கடைப் பொடவை இல்லையே. காஞ்சிபுரமா?"

ஆமாம், கல்யாணப் புடவை என்றேன். அவர் என் கணவரிடம் திரும்பினார்.

"கரையில ஒவ்வொரு இழையும் தனியாத் தெரியுது. பட்டு பட்டா இருக்கு. இத்தனை நாளா நம்ம சரக்கு எடுத்தீரே, எல்லாம் மல்லுத் துணி மாதிரில்லா விழுந்திருக்கு. ஏன்?"

இவர் அமைதியாகச் சொன்னார். வெளிச்சம் ஒரு பக்கமிருந்து சாய்வாக விழுந்தால்தான் நெசவு தெரியும், எல்லாப் பக்கமிருந்தும் விழுந்தால் மேடு பள்ளம் அழிந்துவிடும், முகத்துக்கும் அதேதான் என்றார். முகத்தைப் பற்றிச் சொன்னதை முதலாளி கேட்டதாகத் தெரியவில்லை.

"அப்ப மத்த லைட்டெல்லாம் எதுக்கு எரியுது?"

"நீங்க எரியச் சொன்னேள்."

முதலாளி கொஞ்ச நேரம் திரையைப் பார்த்தார். அதில் ஒன்றும் இல்லை.

"அணைச்சிரும்" என்றார்.

ராஜா ராணி இருவரும் மீதிப் படம் முழுக்கப் பாதி முகத்தோடு வந்தார்கள். பட்டெல்லாம் நன்றாக விழுந்தது. படம் வெளியானதும் காமிராக்காரரின் துணிச்சலை எல்லோரும் புகழ்ந்தார்கள். அந்தக் க்ளோசப்பைப் பற்றி மட்டும் ஒருவர் அரைப் பக்கம் எழுதியிருந்தார். நிழலில் இருக்கும் கன்னம், இளவரசனின் மறைந்திருக்கும் எதிர்காலமாம். அடுத்த படம் கிடைத்தது, அதற்கடுத்ததும் கிடைத்தது. இப்போது இவரை அழைக்கிறவர்கள் இருட்டு வேண்டும் என்று சொல்லியே அழைக்கிறார்கள். வெளிச்சமாக எடுக்க வேண்டிய இடத்தில் எடுத்தால், மனசு வைத்து எடுக்கவில்லை என்கிறார்கள்.

கல்கத்தாக்காரர் விஷயம் ஒன்று பாக்கி இருக்கிறது. வர வேண்டாம் என்று கொடுத்த இரண்டாவது தந்தி போவதற்குள் அவர் மெயில் ரயிலில் ஏறிவிட்டார். சென்ட்ரலில் இறங்கியவரை இவரே போய் அழைத்து வந்து எங்கள் வீட்டில் சாப்பாடு போடச் சொன்னார். பறிபோன வேலைக்கு வந்தவர், பறித்தவர் வீட்டிலேயே சாப்பிட வேண்டும். சாம்பாரில் உப்பு சரியாக இருக்கிறதா என்று எனக்குத் தெரியவில்லை, நாக்கு வேலை செய்யவில்லை. அவர் வயதானவர், கண்ணியமானவர். தமக்கு இப்படி நடப்பது அந்த வருஷத்தில் முதல் தடவை இல்லை என்று இங்கிலீஷில் சொன்னார். சாப்பிட்டுவிட்டு இரண்டு பேரும் லென்ஸைப் பற்றிச் சாயங்காலம் வரை பேசினார்கள்.

முதலாளி அவரை வெறுங்கையோடு அனுப்பவில்லை. அவருடைய மனைவிக்கு என்று கடையிலிருந்து ஒரு பட்டுப் புடவை கொடுத்திருந்தார். ரயிலுக்குக் கிளம்பும் முன் அவர் அதைப் பிரித்து என்னிடம் காட்டி, எனக்கு இதெல்லாம் தெரியாது, நல்ல பட்டா என்று பார்த்துச் சொல்லுங்கள் அம்மா என்றார். நான் ஜன்னலருகே எடுத்துக்கொண்டு போய், வெளிச்சம் சாய்வாக விழும்படி பிடித்துப் பார்த்தேன். கரையும் முந்தானையும் பட்டு. உடல் பட்டு இல்லை. ஊடே வேறு நூல் ஓடியது, தெளிவாகத் தெரிந்தது.

நல்ல புடவை என்றேன். அவர் சந்தோஷமாக மடித்துப் பெட்டியில் வைத்துக்கொண்டார். சொல்லியிருக்க வேண்டுமா என்று இவரிடம் பிறகு கேட்டேன். கல்கத்தாவில் அவர் வீட்டு ஜன்னல் எந்தத் திசையில் இருக்கிறது என்பதைப் பொறுத்தது என்றார்.